வராத காமாலை, விட்டுப்போன வாய்தா

வக்கீல் குமாஸ்தா வேலைக்குச் சட்டம் தெரிய வேண்டியதில்லை, தேதி தெரிந்தால் போதும். சட்டத்தை எங்கள் வக்கீல் சார் பார்த்துக்கொள்வார். எந்தக் கேஸ், எந்தக் கோர்ட், எந்தத் தேதி என்பதை வாய்தா டைரியில் எழுதி, அதைக் கக்கத்தில் இடுக்கிக்கொண்டு ராஜபாளையத்துக்கும் ஸ்ரீவில்லிபுத்தூருக்கும் பஸ்ஸில் அலைவது என் வேலை. இருபத்தெட்டு வருஷமாக அலைகிறேன். டைரி வருஷத்துக்கு ஒன்று மாறும். சில கேஸ்கள் அத்தனை டைரியிலும் இருக்கும்.

நீங்கள் கோர்ட் வராந்தாவில் கால் கடுக்க நின்றவராக இருந்தால், நான் சொல்லப்போவது புதிதாக இருக்காது. வழக்குப் போட்டவரும் வரவில்லை, அவருடைய வக்கீலும் வரவில்லை என்றால், வாசலில் நின்று மூன்று முறை பெயரைக் கூப்பிடுவார்கள். பதில் இல்லாவிட்டால் கேஸ் தள்ளுபடி. பதினைந்து வருஷக் கேஸாக இருந்தாலும் அதற்கு ஆகிற நேரம் அரை நிமிஷம்தான். திரும்ப உயிர்ப்பிக்க முப்பது நாளுக்குள் மனுப் போட வேண்டும். முப்பது நாள் தாண்டிவிட்டால், ஏன் தாண்டியது என்று சொல்ல இன்னொரு மனு.

மம்சாபுரம் பேச்சியம்மாளின் கிணற்றுக் கேஸ் அப்படி அரை நிமிஷத்தில் போனது. போனதற்குக் காரணம் நான். அதைச் சொல்லத்தான் உட்கார்ந்தேன். ஆனால் நேராக அங்கே போக மனசு வரவில்லை. முதலில் மற்றவர்கள் கதையைச் சொல்லிக் கொஞ்சம் தைரியம் வரவழைத்துக்கொள்கிறேன்.

எல்லோருக்கும் ஒரே வியாதி

வாய்தாவுக்கு வராமல் போனதற்கு மனுவில் காரணம் எழுத வேண்டும். உண்மையான காரணங்கள் எழுதுகிற மாதிரி இருக்காது. ஒருவர் பஸ்ஸைத் தவறவிட்டிருப்பார். இன்னொருவர் சம்பந்தி வீட்டுக் காதுகுத்துக்குப் போயிருப்பார். வேறொருவர் அலுத்துப்போய், போனால் போகட்டும் என்று வீட்டில் படுத்திருப்பார். இதையெல்லாம் நீதிபதியிடம் சொல்ல முடியுமா? அதனால் எங்கள் தொழிலில் எல்லோருக்கும் மஞ்சள் காமாலை வரும்.

ஏன் காமாலை என்று புதிதாக வந்த ஜூனியர் வக்கீல் ஒருவர் என்னிடம் கேட்டார். காய்ச்சல் மூன்று நாளில் விட்டுவிடும், காமாலை என்றால் ஒரு மாதமோ இரண்டு மாதமோ தேவைக்குத் தகுந்தபடி இழுக்கலாம், நாட்டு வைத்தியம் பார்த்ததாகச் சொல்லிவிட்டால் டாக்டர் சீட்டும் காட்ட வேண்டியதில்லை என்று விளக்கினேன். இதை யார் கண்டுபிடித்தார்களோ தெரியாது. நான் வேலைக்குச் சேர்ந்தபோதே டைப் அடித்த மாதிரித் தாள் ஒன்று மேஜை டிராயரில் இருந்தது. இப்போது கம்ப்யூட்டரில் இருக்கிறது. பெயரையும் தேதியையும் மாற்றினால் மனு தயார்.

ஒரு வாரம் தொடர்ந்து நான்கு காமாலை மனுக்கள் கொண்டுபோனேன். நாலாவது ஆள் கான்சாபுரத்து விவசாயி. வாட்டசாட்டமான ஆள், விதைநெல் மூட்டையை பஸ் ஸ்டாண்டிலிருந்து தோளில் தூக்கிக்கொண்டே கோர்ட்டுக்கு வந்திருந்தார். பெஞ்ச் கிளார்க் மனுவைப் படித்தார், கண்ணாடியை இறக்கி ஆளைப் பார்த்தார், மூட்டையைப் பார்த்தார், கடைசியில் என்னைப் பார்த்தார். மனுவை வாங்கி வைத்துக்கொண்டு மெதுவாகச் சொன்னார்:

"ஒங்க ஆபீஸ் வாசல்ல கொஞ்சம் கீழாநெல்லி போட்டு வைங்கய்யா. வாரவுகளுக்கு உதவும்."

பெயர் சொன்னால் எழுந்திருக்காதவர்

ஸ்ரீவில்லிபுத்தூர் கோர்ட் வாசலில் நின்று பெயர் கூப்பிடுகிறவர் பரமசிவம். ஒலிபெருக்கி வேண்டாத குரல். அவர் கூப்பிட்டால் ரோட்டுக்கு அந்தப் பக்கம் டீ குடித்துக்கொண்டிருப்பவர் கிளாஸை வைத்துவிட்டு ஓடி வருவார். அப்படிப்பட்ட பரமசிவத்தின் காலடியில், வாசல் பெஞ்சிலேயே உட்கார்ந்திருந்தார் எங்கள் கட்சிக்காரர் ஒருவர். ஆலங்குளத்துக்காரர், சிமெண்ட் ஆலையில் வேலை பார்த்து ஓய்வு பெற்றவர். சார் வர பத்து நிமிஷம் தாமதம். நான் பக்கத்துக் கோர்ட்டில் இன்னொரு கேஸ் கட்டோடு நின்றேன். "இருளப்பன் மகன் சுப்பிரமணியன்" என்று பரமசிவம் மூன்று முறை கூப்பிட்டார். மனிதர் அசையவில்லை. கேஸ் போய்விட்டது.

பதினோரு வருஷமாக ஒவ்வொரு வாய்தாவிலும் அவருக்காக சார் எழுந்து நிற்பார், தேதி வாங்குவார், போய்விடுவார். தன் பெயரைக் கூப்பிட்டால் தான் எழுந்திருக்க வேண்டும் என்று அவருக்கு யாருமே சொன்னதில்லை. சொல்ல வேண்டியவன் நான். ஊரில் அவர் எல்லோருக்கும் 'போர்மேன் அண்ணாச்சி'. நல்ல வேளையாக அன்றே சார் நீதிபதியிடம் கேட்டுக்கொண்டு, சாப்பாட்டுக்குப் பிறகு கேஸைத் திரும்ப எடுக்க வைத்தார். நான் மூச்சு வாங்க ஓடி வந்து, அண்ணாச்சி உங்களைத்தானே கூப்பிட்டார்கள் என்று கேட்டதற்கு, அவர் கொஞ்சமும் பதறாமல் சொன்னார்:

"அது நாந்தானா? அந்த ஆளு வாரானா இல்லையான்னு நானும் செத்த நேரம் பாத்துக்கிட்டேதான் இருந்தேன்."

சுவர் இல்லாத சுவர்க் கேஸ்

ராஜபாளையம் கடைத்தெருவில் ஜவுளிக்கடை வைத்திருந்த ராவுத்தர் ஒருவருக்கும் பக்கத்துப் பாத்திரக்கடைக்காரருக்கும் நடுச்சுவர் யாருடையது என்று தகராறு. கேஸ் போட்டவர் ராவுத்தர். பாத்திரக்கடைக்காரர் வீட்டுக் கல்யாணத்துக்கு ராவுத்தர் போனார். ராவுத்தர் இறந்தபோது பாத்திரக்கடைக்காரர் கடையடைத்துவிட்டு வந்தார். சில வருஷத்தில் அவரும் போனார். கேஸ் மட்டும் தேதி தேதியாக நகர்ந்துகொண்டே இருந்தது. இரண்டு பேரின் பிள்ளைகளையும் வழக்கில் சேர்த்தோம். பிள்ளைகள் யாரும் எட்டிப் பார்க்கவில்லை. கட்சிக்காரர் தரப்பிலிருந்து ஒரு தகவலும் இல்லை, இனி எங்களிடம் சொல்ல ஒன்றுமில்லை என்று சாரும் ஒருநாள் நீதிபதியிடம் சொல்லிவிட்டார். மூன்று முறை கூப்பிட்டார்கள். முடிந்தது.

எனக்கு மனசு கேட்கவில்லை. கட்டைத் தூக்கிப் பழகிய கை. ராவுத்தரின் மகனுக்குப் போன் போட்டு, கேஸ் தள்ளுபடியாகிவிட்டது, ஆனாலும் கவலைப்பட வேண்டாம், மனுப் போட்டு மீட்டுவிடலாம் என்று ஆறுதல் சொன்னேன்.  வருத்தப்படுவார் என்று குரலையும் இறக்கிக்கொண்டேன். பிறகு அவர் மிகுந்த மரியாதையோடு கேட்டார்:

"அண்ணே, அந்தச் சுவத்த இடிச்சு ரெண்டு கடையையும் ஒண்ணாக்கி செல்போன் கடைக்கு விட்டு ஆறு வருசம் ஆச்சே, நீங்க அந்தப் பக்கம் வரவே இல்லையா?"

தேர் அன்று லீவு

இனி தள்ளிப்போட முடியாது. பேச்சியம்மாளின் கேஸுக்கு வருகிறேன்.

மாரிமுத்து, குருசாமி இருவரும் அண்ணன் தம்பி. இருவர் வயலுக்கும் நடுவில் பொதுக் கிணறு. ஒருநாள் விட்டு ஒருநாள் மோட்டார் போட்டுப் பாய்ச்சுவது முறை. கிணறு முழுக்கத் தனக்குத்தான் என்று தம்பி குருசாமி கிளம்ப, அண்ணன் மாரிமுத்து ஸ்ரீவில்லிபுத்தூர் கோர்ட்டில் கேஸ் போட்டார். கேஸ் முடிகிறவரை அண்ணனுடைய முறைநாளில் யாரும் தடுக்கக் கூடாது என்று கோர்ட் ஒரு தடை உத்தரவு கொடுத்தது. பதினாலு வருஷமாகக் கேஸ் முடியவில்லை, அதனால் தண்ணீரும் நிற்கவில்லை. இடையில் மாரிமுத்து இறந்துவிட்டார். இறப்புச் சான்றிதழை வைத்து, அவர் இடத்தில் மனைவி பேச்சியம்மாளைச் சேர்க்க மனு டைப் செய்தவன் நான்தான். ஒரு ஏக்கர் வாழையும் அந்த உத்தரவை நம்பித்தான் நின்றது. கேஸ் போனால் உத்தரவும் சேர்ந்தே போகும்.

அந்தத் தடவை தந்த வாய்தா, வில்லிபுத்தூர் தேரோட்டத்தன்று விழுந்தது. கோர்ட்டில் யாரும் கவனிக்கவில்லை. கவனித்தது பேச்சியம்மாள். அன்றைக்குத் தேராயிற்றே, கோர்ட் உண்டா என்று போனில் கேட்டார். கிடையாது, நீங்கள் வர வேண்டாம் அக்கா, புதுத் தேதியை நானே சொல்கிறேன் என்றேன். லீவு நாளில் விழுந்த கேஸ்களை அடுத்த வேலைநாளில் கூப்பிடுவார்கள். அதனால் டைரியில் அந்தப் பக்கத்திலிருக்கும் கேஸ்களை அடுத்த பக்கத்துக்கு மாற்றி எழுதிக்கொள்ள வேண்டும். நான் முதலில் சிவப்பு மையால் பக்கத்தின் இந்த மூலையிலிருந்து அந்த மூலைக்கு ஒரு கோடு போட்டு, 'தேர் லீவு' என்று கொட்டை எழுத்தில் எழுதினேன். மேலே இருந்த இரண்டு கேஸ்களை மாற்றினேன். மூன்றாவது, பேச்சியம்மாளுடையது, பக்கத்தின் அடியில் கோட்டுக்குக் கீழே கிடந்தது. பக்கத்தைத் திருப்பிவிட்டேன்.

தேருக்கு மறுநாள் எனக்கும் சாருக்கும் ராஜபாளையம் கோர்ட்டில் வேலை. மாற்றி எழுதிய அந்த இரண்டு கேஸ்களுக்கும் தேதி வாங்க ஸ்ரீவில்லிபுத்தூருக்கு ஜூனியர் போயிருந்தார். மூன்றாவது ஒன்று இருக்கிறது என்று அவருக்கு எப்படித் தெரியும்? தள்ளுபடியான செய்தி கோர்ட்டிலிருந்து என் போனுக்கே வந்திருக்கிறது. கிராமத்தார் அடிக்கடி நம்பர் மாற்றுவார்கள் என்று எல்லாக் கேஸுக்கும் என் நம்பரைத்தான் கொடுத்து வைத்திருக்கிறேன். ஒரு நாளைக்கு முப்பது, நாற்பது செய்தி வரும். நான் ஒன்றையும் திறப்பதில்லை, டைரியைத்தான் நம்புவேன். நாற்பத்தேழு நாள் கழித்து, நான் பஸ்ஸில் போய்க்கொண்டிருந்தபோது பேச்சியம்மாள் போன் செய்தார். குரலில் கோபம் இல்லை, அதுதான் என்னால் தாங்க முடியவில்லை.

"தம்பி, கொழுந்தன் மோட்டார் ரூமுக்குப் புதுப் பூட்டு போட்டுட்டான். கேஸு தள்ளுபடி ஆயிருச்சாம்லா. நீங்க தேதி சொல்லுதேன்னு சொன்னீகளேன்னு நான் பாத்துக்கிட்டே இருக்கேன்."

கையெழுத்துப் போடாதவர்

சார் திட்டினார். திட்டி முடித்ததும், நாற்பத்தேழு நாளுக்குக் காமாலை சரியாக வரும், போட்டுவிடு என்றார். கம்ப்யூட்டரைத் திறந்து பெயரையும் தேதியையும் மாற்றினேன். பத்து நிமிஷத்தில் மனுவும் பிரமாணப் பத்திரமும் தயார். மறுநாள் காலையில் பேச்சியம்மாள் வந்தார். கையெழுத்து வாங்குமுன் படித்துக்காட்ட வேண்டும் என்பது முறை. வழக்கமாக ரயில் வேகத்தில் படிப்பேன். அன்று குற்றம் செய்தவன் ஆகையால் நிறுத்தி நிதானமாகப் படித்தேன்.

காமாலை என்ற இடம் வந்ததும் அவர் பேனாவை மேஜையில் வைத்துவிட்டார். இது சும்மா வழக்கத்துக்கு எழுதுவது அக்கா, எல்லோரும் இப்படித்தான் போடுவார்கள், ஒன்றும் ஆகாது என்று சொன்னேன். கொழுந்தன் தினமும் உங்களை வயலில் பார்த்திருப்பான் என்று பயப்படுகிறீர்களா என்றும் கேட்டேன். அவர் அதற்கில்லை என்று தலையசைத்தார். பிறகு, மாரிமுத்து காமாலையில்தான் இறந்தார் என்று சொன்னார். ஒரு மாதம் பச்சிலை, அதன் பிறகு மதுரை ஆஸ்பத்திரியில் பதினேழு நாள். அந்த மனிதரின் இறப்புச் சான்றிதழில் மூன்று நகல் எடுத்து, கோர்ட் ஸ்டாம்ப் ஒட்டி, நானே கொண்டுபோய்க் கொடுத்திருக்கிறேன். எதனால் இறந்தார் என்று ஒரு வார்த்தை கேட்டதில்லை. எனக்கு வெட்கமாக இருந்தது. அந்தத் தாளை எங்கே ஒளித்துவைப்பது என்று தெரியாமல் கையிலேயே வைத்துக்கொண்டிருந்தேன். அவர் சொன்னார்:

"அவரு நெசமாவே அந்தச் சீக்குல கெடந்தப்பவும் ஒரு வாய்தாவ விடல தம்பி, என்னைய அனுப்பி வச்சாரு. அத எம் பேருல பொய்யா எழுதாதிய."

கூண்டில் குமாஸ்தா

அன்று முழுக்க யோசித்தேன். உண்மையான காரணத்தை எழுத வேண்டுமென்றால் அது ஒன்றுதான்: குமாஸ்தா டைரியில் தேதியை மாற்றி எழுத மறந்தான். அதைப் பிரமாணமாகச் சொல்ல வேண்டியவன் நான். சாரிடம் சொன்னபோது அவர் முகம் சுருங்கியது. ஆபீஸுக்குக் கெட்ட பெயர், எதிர்த்தரப்பு வக்கீல் கூண்டில் ஏற்றிக் கிழித்துவிடுவார், நாளைக்கு எந்தக் கட்சிக்காரர் நம்பி வருவார் என்றெல்லாம் சொன்னார். எல்லாம் நியாயம்தான். பேச்சியம்மாள் காமாலைக்குக் கையெழுத்துப் போட மாட்டார் என்று மட்டும் நான் திரும்பத் திரும்பச் சொன்னேன். கடைசியில், டைப் செய்து கொண்டுவா என்றார். சிவப்புக் கோடு போட்ட டைரிப் பக்கத்தையும் நகல் எடுத்து இணைத்தேன்.

குருசாமி மனுவை எதிர்த்தார். ஒரு வாய்தாவுக்கு வக்கீல்கள் வேலைநிறுத்தம், ஒரு வாய்தாவுக்கு நீதிபதி லீவு, இப்படி இரண்டு மாதத்துக்கு மேல் ஓடிய பிறகு விசாரணை வந்தது. நான் பரமசிவத்துக்கு ஒரு கை தூரத்தில் நிற்கிறேன். என் பெயரை மூன்று முறை, ரோட்டுக்குக் கேட்கும்படி கூப்பிட்டார். இருபத்தெட்டு வருஷம் அந்தக் கூண்டைக் கடந்து போயிருக்கிறேன், ஏறியது அன்றுதான். இத்தனை வருஷத்தில் எத்தனை தேதிகளை விட்டிருக்கிறீர்கள் என்று எதிர்த்தரப்பு வக்கீல் கேட்டார். தெரிந்து இது ஒன்றுதான் என்றேன். தெரியாமல் எத்தனை என்றார்.  கோர்ட்டே சிரித்தது. நீதிபதி மட்டும் சிரிக்காமல் டைரி நகலையே பார்த்துக்கொண்டிருந்தார். மற்ற இரண்டு கேஸ்களை மாற்றியிருக்கிறீர்களே என்று ஒன்றே ஒன்று கேட்டார். ஆமாம் ஐயா, இதுதான் அடியில் இருந்தது என்றேன்.

தாமதத்தை மன்னித்து, கேஸைத் திரும்ப எடுத்துக்கொண்டார்கள். தடை உத்தரவும் அதோடு திரும்பியது. வெளியே வந்து, பக்கத்தில் நிற்கிறவனை இப்படியா கத்திக் கூப்பிடுவது என்று பரமசிவத்திடம் கோபித்துக்கொண்டேன். அவர் துண்டால் முகத்தைத் துடைத்துக்கொண்டே சொன்னார்:

"பக்கத்துல நின்னாலும் மூணு தடவ கூப்பிடணும்யா. தேருக்கு மறுநா அந்தம்மாவ நான் நாலு தடவ கூப்பிட்டேன்."

மோட்டார் ரூம் சுவர்

உத்தரவின் நகலை நானே மம்சாபுரத்துக்குக் கொண்டுபோனேன். குருசாமி பூட்டைத் திறந்துவிட்டுப் போனார். வயலில் மேல்பாதி வாழை பச்சையாக நின்றது. பக்கத்து வயல்காரர் இரக்கப்பட்டு விட்ட தண்ணீரும், பிறகு வந்த ஐப்பசி மழையும் அதைக் காப்பாற்றியிருந்தன. கீழ்ப்பாதி புரட்டாசி வெயிலிலேயே போய்விட்டது. குலை தள்ளிய மரங்கள் இடுப்பொடிந்து சாய்ந்து கிடந்தன. காய்கள் விரல் பருமனிலேயே கருத்துவிட்டன. கோர்ட் தாமதத்தை மன்னித்தது, வாழை மன்னிக்கவில்லை. என் தப்புத்தான் அக்கா என்று நேராகவே சொன்னேன். பரவாயில்லை என்று அவர் சொல்வார் என எதிர்பார்த்தேன் போலிருக்கிறது. அவர் சொல்லவில்லை. அவர் சொல்லாதது சரி என்றும் எனக்குத் தோன்றியது.

மோட்டாரைப் போட்டார். தண்ணீர் வாய்க்காலில் இறங்கியது. ரூமுக்குள் சுவரில் கரியால் எழுதிய தேதிகள் வரிசையாக இருந்தன. எல்லாம் பழைய வாய்தாக்கள், மாரிமுத்து எழுதியவை. அவர் இறந்த பிறகு ஒன்றும் எழுதப்படவில்லை. ஏன் என்று நான் கேட்கவில்லை, அதன் பிறகு தேதி சொல்லும் வேலையைப் பேச்சியம்மாள் நம்பி என்னிடம் விட்டிருந்தார் என்பது எனக்கே தெரியும். அடுத்த வாய்தா எப்போது என்று கேட்டார். டைரியைப் பார்த்துச் சொன்னேன். கீழே கிடந்த கரித்துண்டு ஒன்றை எடுத்து, கணவர் விட்ட இடத்துக்கு அடியில், ஒவ்வொரு எண்ணாக, மெதுவாக எழுதினார். எழுதிவிட்டு என்னிடம் சொன்னார்:

"இனிமே ஒங்க டைரியில நீங்க எழுதுங்க, எஞ் சுவத்துல நான் எழுதிக்கிடுதேன். மொத நாளு போன் போட்டு ரெண்டும் ஒண்ணா இருக்கான்னு கேட்டுக்கிடுதேன் தம்பி, கோவிச்சுக்கிடாதிய."

இருபத்தெட்டு வருஷத்தில் எத்தனையோ பேருக்கு வராத காமாலையை வரவழைத்துக் கேஸைக் காப்பாற்றியிருக்கிறேன், நானே உண்மையைச் சொல்ல வேண்டி வந்தபோதுதான் எனக்கென்று எழுதிக்கொள்ள ஒரு வியாதியும் கிடைக்கவில்லை.